பாதி அகராதி

திண்டுக்கல்லில் ஆங்கில பாஷை இரண்டு பேருக்குப் பாகம் பிரிந்து கிடந்த காலம் ஒன்று உண்டு. ஏ முதல் எல் வரை கஸ்பாருக்கு. எம் முதல் இஸட் வரை உடையப்பனுக்கு.

இருவரும் மனு எழுதிப் பிழைத்தவர்கள். எங்கள் ஆபீஸ் வாசல் வேப்பமரத்துக்கு இந்தப் பக்கம் ஒருவர், அந்தப் பக்கம் ஒருவர். எந்த ஆபீஸ் என்று கேட்காதீர்கள். ஊரில் ஆபீஸுக்குப் பஞ்சமில்லை. நானோ இன்னும் அங்கேதான் குமாஸ்தாவாகச் சம்பளம் வாங்குகிறேன்.

தோல் பதனிடும் ஷாப்பு நடத்திய வெள்ளைக்காரர் ஒருவர் கப்பலேறியபோது அவருடைய சாமான்கள் ஏலத்துக்கு வந்தன. அதில் தலையணை கனத்துக்கு ஓர் அகராதி. கஸ்பாரும் உடையப்பனும் கூட்டுச் சேர்ந்து அதை எடுத்தார்கள். ஆறு மாதம் ஒற்றுமையாக இருந்தார்கள். பிறகு, மழை நாளில் அகராதி யார் வீட்டில் இருப்பது என்று ஒரு பேச்சு வந்தது. அது வளர்ந்து, கடைசியில் பைண்டர் மைதீன் பிச்சையிடம் போய் நின்றது. அவர் புத்தகத்தைக் கையில் வைத்து எடை பார்த்தார், நடுவில் கத்தியை வைத்தார். கத்தி எல் எழுத்தின் கடைசிச் சொல்லில் இறங்கியது.

அன்று முதல் இருவரும் ஒரு தர்மத்தைக் கடைப்பிடித்தார்கள். அடுத்தவர் பாகத்துச் சொல்லைத் தொடுவதில்லை. ‘இன்’, ‘பை’, ‘ஆஃப்’ போன்ற சில்லறைச் சொற்கள் மட்டும் பொதுக் கிணறு மாதிரி. அநீதி என்பதற்கு இன்ஜஸ்டிஸ் என்று எழுதலாம் என்பது உடையப்பனுக்குத் தெரியும். ஆனால் அது ஐ. கஸ்பாருடைய சொத்து. ஆகவே உடையப்பன் மனுவில் அநீதியே நடக்காது. வேறு என்னென்னவோ நடக்கும். கையெழுத்தைப் பார்க்காமலே எது யார் மனு என்று நாங்கள் சொல்லிவிடுவோம்.

தமிழில் மனு கொடுத்தால் போதும் என்று ஆபீஸ் சுவரில் அறிவிப்பு ஒட்டியிருந்தோம். அறிவிப்பு ஆங்கிலத்தில் இருந்ததால் யாருக்கும் அந்த விஷயம் தெரியவில்லை.

தவிரவும், வெள்ளாமை செய்யும் சம்சாரிகளுக்குத் தமிழ் மனுவில் நம்பிக்கை கிடையாது. தனக்கே புரிகிற காகிதம் அதிகாரியை எப்படி அசைக்கும் என்பது அவர்கள் நியாயம். அதனால் ஒரு வழக்கம் ஏற்பட்டிருந்தது. எழுதி முடித்த மனுவை எழுதியவர் உரக்கப் படித்துக் காட்ட வேண்டும். கேட்பவர் கண்ணை மூடிக்கொண்டு, ஒவ்வொரு சொல்லும் கனமாக விழுகிறதா என்று கவனிப்பார். திருப்தியானால்தான் கட்டை விரல் மையில் படும்.

இந்தப் படிப்பில் கஸ்பாரை உடையப்பன் தூக்கிச் சாப்பிட்டுவிடுவார். காரணம், அவருடைய கொள்கை. ஒரு சொல்லில் எத்தனை எழுத்து இருக்கிறதோ அத்தனையும் ஒலிக்க வேண்டும்.

“எழுத்துப் போட்டிருக்கான்ல?” என்பார். “மையை வீணடிக்க வெள்ளைக்காரன் என்ன கிறுக்கனா?”

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஐம்பத்தேழில், ஜமாபந்திக்குச் சில நாள் முன்னால், மூக்காயி அவரிடம் வந்தாள். ஜமாபந்தி என்றால் வருஷத்துக்கு ஒரு முறை பெரிய அதிகாரி பந்தலில் உட்கார்ந்து, கிராமம் கிராமமாகக் கணக்குப் பார்த்து, சனங்களின் மனுவையும் வாங்குகிற திருவிழா. மூக்காயிக்கு ரெட்டியார்சத்திரம் பக்கம் பூசாரிக்குளம். புருஷன் இல்லை. முப்பது சென்ட்டில் மல்லிகை போட்டிருந்தாள். விடியுமுன் மொட்டுப் பறித்து, ஆறு மணி பஸ்ஸைப் பிடித்து, திண்டுக்கல் பூ மார்க்கெட்டில் கொட்டிவிட்டால் அன்றைய அடுப்பு எரியும். வெயில் ஏறிவிட்டால் மொட்டு பழுத்துவிடும், எவனும் தொடமாட்டான்.

அவள் தோட்டத்திலிருந்து ரோட்டுக்கு இருந்த ஒரே வழியைப் பக்கத்துத் தோட்டத்துச் சுப்புராஜ் முள் போட்டு அடைத்துவிட்டார். கண்மாய்க் கரையைச் சுற்றி இரண்டு மைல் நடந்து அவள் வருவதற்குள் பஸ் போய்விடும். போன வருஷ ஜமாபந்தியிலேயே மனு கொடுத்திருந்தாள். கிராமத்துக் கணக்குப்பிள்ளை கண்ணுசாமி கையில் கொடுத்த காகிதம், அதோடு சரி. கண்ணுசாமியும் சுப்புராஜும் ஒரே சீட்டுக்கட்டில் ஆடுகிறவர்கள் என்பது அவளுக்குப் பிற்பாடுதான் தெரிந்தது. இந்த வருஷமும் தவறினால் செடியை வெட்டிவிட்டுக் களையெடுக்கும் கூலிக்குப் போக வேண்டியதுதான்.

உடையப்பன் எழுதி முடித்துத் தொண்டையைச் செருமிக்கொண்டார். நான் வெற்றிலை போட வெளியே வந்தவன் நின்று கேட்டேன்.

“ஓப்செகுவியஸ் பெட்டிஷன் ஆஃப் வ்ரெட்செட் விடோ மூக்காயி. பெட்டிஷனர் ப்ரொட்யூசஸ் ஓடோரிஃபெரஸ் வெஜிடேஷன். பெட்டிஷனர்ஸ் சோலே தொரௌக்ஃபாரே வாஸ் ஓப்ஸ்ட்ரக்டட் பை வெல்த்தி நெயிக்பௌர் சுப்புராஜ் வித் தோர்ன்ஸ். பெட்டிஷனர் பெராம்புலேட்ஸ் டூ மைல்ஸ் ரௌண்ட் ரிசர்வாயர். வெஜிடேஷன் பெரிஷஸ். பெட்டிஷனர் ப்ரேஸ், ரிமூவ் தோர்ன்ஸ்.”

மூக்காயி கண்ணைத் திறந்தாள்.

“மல்லிகைன்னு எங்கய்யா வருது?”

“ஓடோரிஃபெரஸ் வெஜிடேஷன்னு வருதுல்ல. வாசமடிக்கிற செடின்னு அர்த்தம்.”

“கொத்தமல்லிகூடத்தான் வாசமடிக்கும். மல்லிகைக்கு இங்கிலீசுல தனியாப் பேரு இல்லையாக்கும்?”

உடையப்பன் மரத்துக்கு அந்தப் பக்கம் ஒரு பார்வை பார்த்தார். மல்லிகை ஜே எழுத்தில் வருகிற சொல்.

“இருக்கு தாயி,” என்றார். “அது நம்ம பாகத்துல இல்ல.”

“சரி, இன்னொரு தரம் படிங்க.”

படித்தார். மறுநாள் மார்க்கெட்டிலிருந்து திரும்பும்போதும் வந்து உட்கார்ந்தாள். “செத்த நேரம் படிங்கய்யா,” என்றாள். அதற்கு மறுநாளும் அப்படியே. தன் இங்கிலீஷின் அருமை தெரிந்த ஒரு ஜீவன் கிடைத்ததென்று உடையப்பனுக்கு உள்ளூரக் குளிர்ந்தது. எனக்கு அது பொறுக்கவில்லை. பி.ஏ. படித்துவிட்டு ஃபைலுக்கு நூல் கட்டுகிறவன் நான். என்னை யாரும் இன்னொரு தரம் படி என்று கேட்டதில்லை.

அந்த வருஷம் ஜமாபந்திக்கு வந்த டெப்டி கலெக்டர் அந்தோணிமுத்து உச்சரிப்பில் கறாரானவர். வீட்டில் ரேடியோவுக்கு முன்னால் உட்கார்ந்து லண்டன் செய்தியை உதட்டசைத்துக் கேட்பார் என்று டவாலிச் சேவகன் சொன்னான். சட்டைப்பையில் ஒரு சின்ன நோட்டு. அதில் சொற்களும் அவற்றைச் சொல்லும் விதமும். காலரா கண்டு லீவு கேட்டவனை வாசலில் நிறுத்தி, “காலரா அல்ல, கொலரா,” என்று மூன்று தரம் சொல்ல வைத்துவிட்டுத்தான் கையெழுத்துப் போட்டார். அவன் நாலாவது தரம் சொல்லக் காத்திருக்காமல் வேலிப் பக்கம் ஓடினான்.

இந்த அதிகாரிக்கும் உடையப்பனுக்கும் முடிச்சுப் போட்டால் நல்ல வேடிக்கை என்று எனக்குத் தோன்றியது. முதல் நாள் பந்தலில், உடையப்பன் எழுதிய ஒரு மனுவை எடுத்து மேலே வைத்தேன். “இதை எழுதியவர் படித்தால் கேட்க நன்றாயிருக்கும் சார்,” என்றும் சொன்னேன்.

உடையப்பனைக் கூப்பிட்டார்கள். தோளில் கிடந்த துண்டை இடுப்புக்கு இறக்கிக்கொண்டு, மரியாதை செய்யப் போகிறார்கள் என்ற முகத்தோடு வந்தார். இருநூறு பேர் முன்னால், வழக்கமான கம்பீரத்தோடு, ஓர் எழுத்து விடாமல் படித்தார்.

அதிகாரி ஒவ்வொரு சொல்லாக நிறுத்தினார். “இந்த எழுத்து சத்தம் போடாது. இது ஊமை எழுத்து.”

“எழுத்துன்னு போட்டிருக்கானேய்யா.”

“போட்டிருப்பான். சொல்லக் கூடாது.”

“ஊமையின்னா மத்தவங்களோட சேத்துக்கிடக் கூடாதுங்களாய்யா?”

பந்தலே சிரித்தது. அதிகாரி சிரித்தார். கணக்குப்பிள்ளைகள் சிரித்தார்கள். கூட்டத்தில் ஆங்கிலம் தெரிந்தவர்கள் நாலு பேர் இருக்கலாம். மீதி நூற்றுத் தொண்ணூற்றாறு பேரும் தங்களுக்குத் தெரியும் என்று காட்டச் சிரித்தார்கள். அதிக நேரம் சிரித்தவன் நான்தான். உடையப்பன் துண்டை மடித்தார், மறுபடி மடித்தார், அது கைக்குட்டை அளவுக்கு வந்த பிறகு வெளியே போனார். மறுநாள் வேப்பமரத்துக்கு இந்தப் பக்கம் காலியாக இருந்தது. யாரோ ஒரு சைக்கிளை அங்கே சாத்தி வைத்திருந்தார்கள். எனக்கு வெற்றிலை ருசிக்கவில்லை.

மூன்றாம் நாள் பூசாரிக்குளத்து முறை. அந்தந்தக் கிராமத்து மனுக்களைக் கணக்குப்பிள்ளை வாசலில் வாங்கி, அடுக்கி, மேஜைக்குக் கொண்டு வருவது முறை. கண்ணுசாமி கொண்டு வந்த கட்டில் கணக்குகள் மட்டும் இருந்தன.

“மனு?” என்றார் அதிகாரி.

“எங்க ஊருல ஒரு குறையும் இல்லீங்க,” என்றார் கண்ணுசாமி.

“குடுத்தேன்யா,” என்று ஒரு குரல். மூக்காயி மேஜை முன்னால் வந்து நின்றாள். மடி கனத்திருந்தது. “வாசல்ல வச்சு இவரு கையிலதான் குடுத்தேன். போன வருசமும் இவருகிட்டத்தான் குடுத்தேன்.”

“ஆத்தா கனாக் கண்டிருக்கும்,” என்றார் கண்ணுசாமி. அவருக்குப் பின்னால் சுப்புராஜ் கைகட்டி நின்றார். சிரிக்கவில்லை. சிரிக்காமலிருக்கச் சிரமப்பட்டார்.

அதிகாரி கடிகாரத்தைப் பார்த்தார். “காகிதம் இல்லாமல் நான் என்னம்மா செய்ய முடியும்? அடுத்த வருஷம் கொண்டு வா. நேராக என்னிடமே கொடு. அடுத்த கிராமம்.”

மூக்காயி நகரவில்லை. கையைக் கூப்பினாள், கண்ணை மூடினாள்.

“ஓப்செகுவியஸ் பெட்டிஷன் ஆஃப் வ்ரெட்செட் விடோ மூக்காயி,” என்று ஆரம்பித்தாள்.

பந்தலில் ஓலை அசைகிற சத்தம் கேட்டது. அவள் குரல் பூக்கூடைக்காரியின் கூவலுக்கும் சாவு வீட்டுக்கும் நடுவில் எங்கோ இருந்தது. அந்த மூன்று நாளும் அவள் எதற்கு வந்து உட்கார்ந்தாள் என்பது எனக்கு அப்போதுதான் விளங்கியது. காகிதம் தொலையும் என்று அவளுக்குத் தெரிந்திருந்தது. தொலையாத இடத்தில் ஒரு நகல் எடுத்து வைத்திருந்தாள்.

“அப்சீக்வியஸ். ரெச்சட்,” என்றார் அதிகாரி, தன்னை அறியாமல். “டபிள்யூ ஊமை.”

அவள் நிறுத்தினாள், அடுத்த சொல்லிலிருந்து தொடர்ந்தாள். “பெட்டிஷனர் ப்ரொட்யூசஸ் ஓடோரிஃபெரஸ் வெஜிடேஷன்.”

“ஓடரிஃபெரஸ்.”

“பெட்டிஷனர்ஸ் சோலே தொரௌக்ஃபாரே...”

“சோல். சோல் தரஃபேர்.” வலியெடுத்தவர் மாதிரி அவர் நெற்றியைப் பிடித்துக்கொண்டார்.

இந்த இடத்தில் நான் பேனாவை மையில் தோய்த்தேன். இதற்கு முன் எதற்கு எழுதினேனோ தெரியாது; அன்று காரணம் தெரிந்து எழுதினேன். முதல் வரியிலிருந்து தொடங்கி, அவள் சொல்லச் சொல்ல, அவர் திருத்தத் திருத்த, திருத்திய வடிவத்திலேயே வரிசையாக எழுதிக்கொண்டு வந்தேன். நெயிக்பௌர் நேபர் ஆனது. தோர்ன்ஸ் தார்ன்ஸ் ஆனது. தவறான சொல் ஒன்று காதில் விழுந்தால் அதை அப்படியே விட்டுவிட்டு அடுத்த கிராமத்துக்குப் போக அந்த மனிதரால் முடியாது. அது அவருடைய வியாதி. மூக்காயிக்கு அன்று அதுதான் வைத்தியம்.

“ரிமூவ் தோர்ன்ஸ்,” என்று முடித்துக் கண்ணைத் திறந்தாள்.

“நீர் என்ன எழுதுகிறீர்?” என்றார் அதிகாரி என்னிடம்.

“ஐயா சொன்னதைத்தான் சார். வாய்மொழியாகச் சொன்ன மனுவை அதிகாரி முன்னிலையில் எழுதி, கட்டை விரல் வாங்கினால் செல்லும் என்று விதி இருக்கிறது. படிக்கட்டுமா?”

படித்தேன். எல்லா ஊமை எழுத்துகளையும் ஊமையாகவே விட்டுப் படித்தேன். கேட்டுக்கொண்டிருந்தவர் முகம் பாதியில் மாறியது. அதுவரை சொற்களைக் கேட்டவர், இப்போதுதான் மனுவைக் கேட்டார்.

“இது என்ன செடியம்மா?”

மூக்காயி மடியை அவிழ்த்து, ஈரத்துணி மூட்டையை மேஜை மேல் பிரித்தாள். மல்லிகை மொட்டு. விளிம்பெல்லாம் பழுப்பேறி, ஒன்றோடொன்று ஒட்டிக் கிடந்தது.

“அஞ்சு மணிக்குப் பறிச்சதுய்யா. சுத்தி நடந்து, எட்டரை பஸ்ஸுல வந்தேன். மார்க்கெட்டுல தராசுலகூடப் போடல. அம்புட்டும் இந்தா கெடக்கு.”

அதிகாரி ஒரு மொட்டை எடுத்து விரலில் உருட்டினார். பிறகு கண்ணுசாமியைப் பார்த்தார். அந்தப் பார்வைக்கு எந்த அகராதியும் தேவைப்படவில்லை. கணக்குப்பிள்ளை தன் கட்டைப் புரட்டினார். அடங்கல் என்கிற சாகுபடிக் கணக்குப் புத்தகத்துக்குள்ளிருந்து ஒரு காகிதம் வந்தது.

“இங்கனதான் ஒட்டிக்கிட்டு இருந்திருக்கு சார். வெயிலுல்ல.”

“மல்லிகைதான் வெயிலில் ஒட்டுமென்று நினைத்தேன்,” என்றார் அதிகாரி. ஒரு வாரத்துக்குள் சர்வேயர் போய் அளந்து, வழியில் உள்ள முள்ளை எடுக்கச் செய்ய வேண்டுமென்று உத்தரவை அங்கேயே சொன்னார். சுப்புராஜுக்கு இப்போது சிரிக்காமலிருப்பது சிரமமாக இல்லை.

“எத்தனை நாளில் மனப்பாடம் செய்தாய்?”

“மூணு நாளுய்யா. மார்க்கெட்டுலருந்து திரும்புறப்ப.”

அவள் போன பிறகு அவர் கையெழுத்துப் போட்டுக்கொண்டே, என் பக்கம் திரும்பாமல் சொன்னார். “எனக்கு நத்தம். அப்பா புளி வண்டி ஓட்டினார். காலேஜில் முதல் நாள் நானும் நெயிக்பௌர் என்றுதான் படித்தேன். வகுப்பே சிரித்தது.” பேனாவை மூடினார். “அன்றைக்கு வாங்கின நோட்டு இது.”

வகுப்பில் அதிக நேரம் சிரித்தவன் எப்படி இருந்திருப்பான் என்று எனக்குத் தெரியும்.

மறுநாள் காலையில் உடையப்பன் வந்திருந்தார், தொழிலுக்கு அல்ல. எழுதும் பலகையை எடுத்துப் போக. தன் பாதி அகராதியைக் கஸ்பாரிடமே கொடுத்துவிடுவதாகப் பேச்சு. கஸ்பார் அதை மடியில் வைத்து எம் எழுத்தைப் புரட்டிக்கொண்டிருந்தார். புது வீடு பார்க்க வந்தவர் மாதிரி ஒவ்வொரு பக்கத்தையும் தட்டிப் பார்த்தார்.

மூக்காயி காலிக் கூடையோடு வந்து நின்றாள். பந்தலில் நடந்ததைச் சொன்னாள். பிறகு கேட்டாள், “அந்த அய்யா சொன்னது வேற மாதிரி இருந்துச்சே. எது சரி? அவரு சொன்னதா, நீங்க சொன்னதா?”

உடையப்பன் பலகையைத் துடைத்தார். “அவரு சொன்னதுதான் தாயி,” என்றார். அதைச் சொல்ல அவருக்கு எவ்வளவு கஷ்டமாக இருந்தது என்பதை நான் பார்த்தேன்.

மூக்காயி யோசித்தாள். “அவரு பாதி எழுத்த முழுங்கிப்புடுறாரு. அவரு சொல்லிக் குடுத்திருந்தா எனக்கு ஒண்ணும் நின்னிருக்காது. நீங்க ஒவ்வொண்ணா எடுத்து வச்சதுனால புடிச்சுக்கிட்டேன்.” கூடையை இறக்கி வைத்தாள். “முள்ளு எடுத்ததும் வாரேன். எங்கயும் போயிராதீக.”

கஸ்பார் எம் எழுத்தை மூடினார். “ஏப்பா, இது ரொம்பக் கனமாருக்கு,” என்று சொல்லி, அகராதியைத் திருப்பி நீட்டினார். “மழையில என் வீட்டுக் கூரை வேற ஒழுகுது. நீயே வச்சுக்க.”

பத்து நாள் கழித்து, காலை ஏழு மணிக்கெல்லாம் மூக்காயி வேப்பமரத்தடியில் நின்றாள். ஆறு மணி பஸ்ஸில் வந்து, பூவைப் போட்டுவிட்டு வந்திருந்தாள். சர்வேயர் சங்கிலி போட்டு அளந்ததையும், தான் பக்கத்திலேயே நின்று முழு மனுவையும் அவருக்கு இரண்டு தரம் சொல்லிக் காட்டியதையும், அவர் மூன்றாம் தரத்துக்கு நிற்காமல் ஆளை விட்டு முள்ளை இழுத்துப் போட்டதையும் சொன்னாள்.

“இப்ப ஒரு மனு எழுதணும்,” என்றாள். “அந்த அய்யாவுக்கு. வழி கெடச்சிருச்சு, பூவு நல்லா வருதுன்னு.”

“அதுக்கெல்லாம் மனு கெடையாது தாயி.”

“கேக்கையில எழுதினோம். கெடச்சதும் சொல்ல வேணாமா? எழுதுங்க. இந்தத் தரம் மல்லிகைன்னு வரணும். வாசமடிக்கிற செடியெல்லாம் வேணாம்.”

உடையப்பன் பேனாவைக் கீழே வைத்தார். எழுந்தார். ஏழு வருஷமாகப் போகாத அந்தப் பத்தடியை நடந்து மரத்தைச் சுற்றிப் போனார்.

“கஸ்பாரு,” என்றார். “ஒரு சொல்லு வேணும்.”

கஸ்பார் எந்தச் சொல் என்று கேட்கவில்லை. ஜே எழுத்தைப் பிரித்து, விரலை வைத்துக் காட்டினார். உடையப்பன் குனிந்து எழுத்து எழுத்தாகப் பார்த்துக்கொண்டு வந்து எழுதி, தொண்டையைச் செருமிக்கொண்டார். நான் வெற்றிலையை மெல்லாமல் நின்றேன்.

“ஜாஸ்மினே,” என்று படித்தார், வேப்பமரம் முழுவதும் கேட்கிறாற்போல்.

கண்ணை மூடிக் கேட்டுக்கொண்டிருந்த மூக்காயி, “எல்லா எழுத்தும் வந்துருச்சா?” என்றாள்.

“ஒண்ணையும் விடல தாயி.”

அவள் கட்டை விரலை மையில் வைத்தாள்.